ஒரு அரக்கிக்கு வக்காலத்து

வீடியோ கேம்ல வர்ற ஒரு அரக்கிக்காக வக்காலத்து வாங்கி, ஒரு பேங்க் ஆபீசர் இத்தனை நீளத்துக்குப் பதிவு எழுதணுமா? நீங்க கேட்கறதுக்கு முன்னாடியே தங்கமணி கேட்டாச்சு. "வீட்டுக்கு அரிசி வாங்கிட்டு வர நேரமில்ல, அரக்கிக்கு நியாயம் கேட்க மட்டும் நேரம் இருக்கா?"ன்னாங்க. நியாயமான ஆடிட் அப்ஜெக்‌ஷன்தான். ஆனா விஷயம் விளையாட்டு மட்டும் இல்லை. ஒருத்தரை எதை வச்சு எடை போடறோம், அவங்க செஞ்சதை வச்சா, அவங்களை அனுப்பினவனை வச்சாங்கறதுதான் விஷயம். அதனால எழுதியே தீரணும்னு உட்கார்ந்துட்டேன்.

அரக்கியோட பேரு ட்ரிஷ். "டெவில் மே கிரை"ங்கற ஜப்பானிய ஆக்‌ஷன் கேம் தொடர்ல வர்றவ. காலேஜ் லீவுக்கு வந்திருக்கிற பையனும் அவன் கூட்டாளிகளும் எங்க நாக்பூர் வீட்டு ஹால்ல உட்கார்ந்து இந்தத் தொடரைப் பத்தித்தான் எப்பவும் பேச்சு. ஹீரோவுக்குக் கோயில் கட்டாத குறை. ஹீரோவோட அண்ணன் வில்லன், ஆனா அவனுக்கு அதைவிடப் பெரிய கோயில். ட்ரிஷ் பேரு வந்ததும் ஒரு பையன் ஒரே வார்த்தையில ஃபைலை மூடினான்: "தோக்கேபாஸ்". அதாவது துரோகி. மத்தவங்களும் தலையாட்டினாங்க.

எனக்கு இந்தத் தொடர் புதுசு இல்லை. பி.காம். முடிச்சு, பேங்க் பரீட்சை எழுதி, மும்பைக்குப் போஸ்டிங் வாங்கிப் போன காலத்துல செம்பூர்ல மூணு பேரா ஒரு ரூம்ல இருந்தோம். ரூம்மேட் ஒருத்தன் கடன் வாங்கி ஒரு பிளேஸ்டேஷன் 2 வாங்கி வச்சிருந்தான். அவன் விளையாடுவான், நாங்க பார்ப்போம். அப்ப இருந்தே ட்ரிஷ் மேல எனக்கு ஒரு மரியாதை. அந்த மரியாதைக்குக் காரணத்தை வரிசையாச் சொல்றேன்.

முதல்ல தெரியாதவங்களுக்காகக் கதைச் சுருக்கம். முதல் பாகம் வந்தது 2001ல. தயாரிச்சது கேப்காம் கம்பெனி, இயக்கினவர் ஹிடேகி கமியா. "ரெசிடென்ட் ஈவில்" தொடரோட நாலாவது பாகமா ஆரம்பிச்ச வேலை, ரொம்ப வேற மாதிரி திரும்பிப் போனதால தனி விளையாட்டா வெளிய வந்துச்சு. ஹீரோ பேரு டான்டே. அப்பா ஸ்பார்டா ஒரு அரக்க வீரன், அம்மா ஈவா ஒரு மனுஷி. 2000 வருஷத்துக்கு முன்னாடி அரக்கர்களோட அரசன் முண்டஸ் மனுஷ உலகத்தைப் பிடிக்க வந்தப்ப, ஸ்பார்டா தன் கூட்டத்தையே எதிர்த்து நின்னு அவனைச் சிறை வச்சான். பின்னால முண்டஸோட ஆட்கள் ஈவாவைக் கொன்னுடறாங்க. வளர்ந்த டான்டே அரக்கர்களை வேட்டையாடறதையே தொழிலா வச்சு ஒரு கடை நடத்தறான். மேஜை மேல அம்மா போட்டோ.

ஒரு ராத்திரி கடைக் கதவை உடைச்சுக்கிட்டு மோட்டார் சைக்கிள்ல ஒரு பொண்ணு உள்ள வர்றா. மின்னலால அவனைத் தாக்கறா. அவன் தாக்குப்பிடிச்சு எழுந்ததும், "முண்டஸ் திரும்ப வரப் பார்க்கறான், மேலட் தீவுக்கு வா, உன் உதவி வேணும்"னு கூப்பிடறா. முகம் அப்படியே செத்துப்போன அம்மா முகம். அவதான் ட்ரிஷ். டான்டே போறான். பாதிக் கதைக்கு மேல போன பிறகு உண்மை தெரியுது. அவளை உருவாக்கினதே முண்டஸ்தான். அம்மா முகத்தைக் கொடுத்து, பையனைப் பொறிக்குள்ள கூட்டிட்டு வர அனுப்பியிருக்கான். அவ டான்டேக்கு எதிராத் திரும்பறா. சண்டையில இடிஞ்சு விழற தூணுக்கு அடியில அவ மாட்டிக்கப் போற நேரம், டான்டே குறுக்க பாய்ஞ்சு காப்பாத்தறான். ஏன்னு கேட்டா, "என் அம்மா மாதிரி இருக்கியே, அதுக்குத்தான்"ங்கற மாதிரி ஒரு பதில். முகம்தான் அவளுது, அந்த உள்ளம் உனக்கு வராதுன்னும் சொல்லிட்டுப் போயிடறான்.

பசங்க இந்த இடத்தோட ஃபைலை மூடிடறாங்க. எனக்கு அவளோட கதை இங்கதான் ஆரம்பிக்குது.

கடைசியில முண்டஸ் முன்னாடி டான்டே நிக்கிறப்ப, அவன் மேல வர்ற அடியை ட்ரிஷ் குறுக்க புகுந்து தன் உடம்புல வாங்கிக்கறா. செத்துட்டான்னு நினைச்சு டான்டே அவ பக்கத்துல அப்பாவோட கத்தியையும் அம்மா கொடுத்த தாயத்தையும் வச்சுட்டுப் போறான். தப்பிச்சு வெளியேறப் போற நேரத்துல முண்டஸ் மறுபடி வர, ட்ரிஷ் எழுந்து வந்து தன் சக்தியை அவனுக்குக் கொடுக்கறா. அதை வச்சுத்தான் முண்டஸை மறுபடி அடைச்சுப் போட முடியுது. அப்ப அவ அழறா. அரக்கர்கள் அழமாட்டாங்க, கண்ணீர் மனுஷங்களுக்கு மட்டும் உள்ள வரம்னு டான்டே சொல்றான். ரெண்டு பேரும் கூட்டாத் தொழில் செய்யறாங்க, கடைப் பலகையில பேரைக்கூட மாத்திடறாங்க.

அவ மேல உள்ள குற்றச்சாட்டு மூணு. ஒவ்வொண்ணாப் பார்ப்போம்.

ஒண்ணு, துரோகி. சரி, யாருக்குத் துரோகம்? முதல் பாதியில டான்டேக்கு. ஒத்துக்கறேன், டெபிட் போட்டாச்சு. ஆனா அவ டான்டேயோட ஆளே இல்லையே. உருவாக்கினவன் கொடுத்த வேலையைச் செய்யத்தான் வந்தா. அந்த வேலைக்காகவே உண்டாக்கப்பட்டவ. பிறகு அவனையே எதிர்க்கறா. இப்ப ஸ்பார்டாவை நினைச்சுப் பாருங்க. அவன் செஞ்சதும் அச்சு அசல் இதேதான். அரக்கனாப் பிறந்து, அரக்கர் பக்கம் இருந்து, பிறகு மனுஷங்களுக்காகத் தன் அரசனை எதிர்த்தவன். அவனை அந்தத் தொடரே மகாவீரன்னு கொண்டாடுது. 2008ல வந்த நாலாவது பாகத்துல ஃபோர்ச்சுனான்னு ஒரு ஊர்ல ஸ்பார்டாவைக் கடவுளாவே கும்பிடறாங்க. அதே காரியத்தைச் செஞ்ச ட்ரிஷுக்கு மட்டும் துரோகிப் பட்டம். ரெண்டு கஸ்டமர், ஒரே பரிவர்த்தனை, வேற வேற பதிவு. இப்படி ஒரு லெட்ஜரை நான் எழுதினா மெமோ வரும்.

இதுல இன்னொரு கணக்கும் இருக்கு. டான்டேயோட இரட்டை அண்ணன் வெர்ஜில். அவனும் முண்டஸ்கிட்ட அடிமையா இருந்தவன்தான். முதல் பாகத்துல கவசம் போட்டு நெலோ ஏஞ்சலோங்கற பேர்ல தம்பியோடவே சண்டை போடறான். 2019ல வந்த ஐந்தாவது பாகத்துல தன் சொந்தப் பையன் கையையே பிய்ச்சு எடுத்துட்டுப் போறான். அவன்கிட்ட இருந்து பிரிஞ்ச அரக்கப் பாதி வளர்த்த மரம், ரெட் கிரேவ் நகரத்து ஜனங்க ரத்தத்தைக் குடிச்சு வளருது. இத்தனைக்கும் பிறகு வெர்ஜில் மேல பசங்களுக்கு அப்படி ஒரு பாசம். பாவம், சின்ன வயசுல தனியா விடப்பட்டவன், அடிமையாக்கப்பட்டவன்னு காரணம் சொல்றாங்க. 2020ல வந்த சிறப்புப் பதிப்புல அவனையே வச்சு விளையாடலாம். காரணம் சொல்றது தப்பு இல்லை. ஆனா அடிமையாகறதுக்கு முன்னாடி வெர்ஜிலுக்குன்னு ஒரு வாழ்க்கை இருந்துச்சு, அம்மா இருந்தா, வீடு இருந்துச்சு. ட்ரிஷுக்கு அதுகூடக் கிடையாது. கண்ணைத் திறந்ததே எஜமான் முன்னாடி. எதுவும் இல்லாம ஆரம்பிச்சவ எடுத்த முடிவுக்கு மதிப்பு கூடத்தானே இருக்கணும்?

ரெண்டு, அந்த அம்மா முகம். "அம்மா மாதிரி இருக்கிறவளோட கூட்டா, சங்கடமா இருக்கு"ன்னு முகம் சுளிக்கிறவங்க நிறைய. சங்கடம் நியாயம்தான். ஆனா அதுக்குப் பொறுப்பு யாரு? முகத்தைத் தேர்ந்தெடுத்தவன் முண்டஸ். ஒரு பையனோட துக்கத்தைத் தூண்டில் புழுவா மாத்தினவன் அவன். பழி மட்டும் முகத்தைச் சுமந்தவ மேல.

எனக்கு இந்தக் கதையிலேயே முக்கியமாப் படறது இதுதான். தூண் விழுந்தப்ப ட்ரிஷுக்கு உயிர் கிடைச்சது அவளுக்காக இல்லை, அவ முகத்துக்காக. அதை மூஞ்சிக்கு நேரா வேற சொல்லிட்டுப் போயிட்டான். கடன் வாங்கின முகத்துக்குக் கிடைச்ச சலுகை. அந்த உயிரை அவ என்ன செஞ்சா? அவனுக்காகவே திருப்பிக் கொடுக்கத் துணிஞ்சா. அந்த முடிவை எடுக்கச் சொல்லி முண்டஸ் அனுப்பலை, ஈவாவோட முகமும் எடுக்கலை. அது அவளோட சொந்தச் சம்பாத்தியம். அதுக்குப் பிறகு அவ ஈவாவோட நகல் இல்லை, ட்ரிஷ். தொடரும் அப்படித்தான் போகுது. பின்னால வர்ற பாகங்கள்ல டான்டே அவளைக் கூட்டாளியாத்தான் நடத்தறான், கிண்டல் பண்றான், சண்டை போடறான். அம்மா பேச்சே இல்லை. டான்டேக்கே தீர்ந்துபோன சங்கடம் நம்ம பசங்களுக்கு இன்னும் தீரலை.

மூணு, அவ சும்மா கவர்ச்சிக்கு வச்ச பொம்மைங்கற பேச்சு. இதுல பழி முக்கால்வாசி தயாரிச்சவங்க மேலதான். 2003ல வந்த ரெண்டாவது பாகத்துல கதையில அவளுக்கு இடமே இல்லை, விளையாட்டை ஜெயிச்சவங்களுக்குப் பரிசாத் திறக்கிற ஆளா மட்டும் வர்றா. நாலாவது பாகத்துல குளோரியாங்கற பேர்ல மாறுவேஷத்துல எதிரிக் கூட்டத்துக்குள்ள நுழையறா. நல்ல வேஷம்தான், ஆனா கேமரா அவ மூளையை விட உடம்பைத்தான் அதிகம் பார்க்குது. அதே பாகத்துல ஃபோர்ச்சுனா ஊர் ஜனங்களைப் பத்திரமா வெளியேத்தற வேலையை எடுத்துக்கறவ அவதான். எத்தனை பேருக்கு அது ஞாபகம் இருக்கு? மறைக்காம இன்னொண்ணும் சொல்லிடறேன். ஸ்பார்டாவோட கத்தியை அந்த எதிரிக் கூட்டத்துகிட்ட கொண்டுபோய்க் கொடுத்ததும் அவதான், அது பெரிய வம்புல முடிஞ்சது. அதுவும் டெபிட்தான், எழுதிக்குங்க. கணக்குன்னா ரெண்டு பக்கமும் இருக்கணும்.

ஐந்தாவது பாகம்தான் எனக்கு ரொம்ப வருத்தம். யூரிசன்கிற அரக்க அரசன்கிட்ட தோத்துப் பிடிபட்ட ட்ரிஷை, கவாலியெரே ஏஞ்சலோங்கற ஒரு கவச அரக்கனுக்குள்ள அடைச்சு, அவ மின்னல் சக்தியை உறிஞ்சி அதை ஓட்டறாங்க. ஒரு பேட்டரி மாதிரி. யோசிச்சுப் பாருங்க, ஒருத்தனோட கருவியா உருவாக்கப்பட்டு, அதுல இருந்து தானா வெளிய வந்தவளை, மறுபடி கருவியாவே ஆக்கியாச்சு. இதை வச்சு எவ்வளவு எழுதியிருக்கலாம்! மீட்ட பிறகு அவ என்ன நினைச்சா, பழசு ஞாபகம் வந்துச்சா, ஒண்ணும் இல்லை. மீட்கிறப்ப அவ உடம்புல துணி இல்லை, மேற்கு நாடுகளுக்குப் போன பிளேஸ்டேஷன் 4 பதிப்புல அதை ஒரு வெளிச்சக் கீற்று வச்சு மறைச்சாங்க, பிறகு அதை எடுத்துட்டாங்க. உலகமே அந்த வெளிச்சக் கீற்றைப் பத்தித்தான் சண்டை போட்டுது. மறைச்சது சரியா, எடுத்தது சரியான்னு பக்கம் பக்கமா வாக்குவாதம். அவளை ஏன் பேட்டரியாக்கினீங்கன்னு கேட்டவங்க குறைவு.

இவ்வளவு ஆவேசம் எதுக்குன்னு கேட்டா, நான் நேர்ல பார்த்த ஒரு விஷயம் சொல்லணும். ஊர் பேர், பேங்க் பேர் வேண்டாம். பல வருஷத்துக்கு முன்னாடி வடக்க ஒரு பிராஞ்சுல இருந்தப்ப, ஒரு இளம் கிளார்க் டிரான்ஸ்ஃபர்ல வந்து சேர்ந்தான். அவன் முன்னாடி இருந்த பிராஞ்சுல மேனேஜர் போலிப் பேர்ல லோன் கொடுத்து மாட்டிக்கிட்டவர். பையன் அவர் கைவளர்ப்பு. அவர் நீட்டின இடத்துல ஆரம்பத்துல ரெண்டு மூணு வவுச்சர்ல கையெழுத்தும் போட்டிருக்கான். ஆனா விஷயம் புரிஞ்சதும், இன்ஸ்பெக்‌ஷனுக்கு வந்தவங்ககிட்ட தானா போய் எல்லாத்தையும் சொன்னவனும் அவன்தான். அவன் வாயைத் திறக்கலேன்னா அந்த மோசடி இன்னும் ரெண்டு வருஷம் ஓடியிருக்கும். எங்க பிராஞ்சுல அவனுக்குக் கிடைச்ச பேரு என்ன தெரியுமா? "அந்த மேனேஜர் ஆளு". கேஷ் கவுன்ட்டர்ல உட்கார வைக்க மாட்டாங்க. டீ குடிக்கப் போனாக்கூட டிராயரைப் பூட்டிட்டுப் போவாங்க. இன்னொரு பக்கம், "வளர்த்தவரையே காட்டிக் கொடுத்தவன்"னும் பேசுவாங்க. பாருங்க, செஞ்ச தப்புக்கும் கெட்ட பேர், அதை விட்டு வெளிய வந்ததுக்கும் கெட்ட பேர். கடைசியில வேலையை விட்டுட்டுப் போயிட்டான்.

ட்ரிஷை "தோக்கேபாஸ்"னு அந்தப் பையன் சொன்னப்ப எனக்கு ஞாபகம் வந்தது அந்த கிளார்க்தான்.

லோன் அப்ளிகேஷன் பார்க்கிறப்ப ஓப்பனிங் பேலன்ஸை மட்டும் பார்த்துட்டு ரிஜெக்ட் பண்ணக்கூடாதுன்னு புதுசா வர்ற ஆபீசர்களுக்குச் சொல்லிக் கொடுப்போம். ஸ்டேட்மென்ட் முழுசையும் பாரு, பணம் எப்படி வந்துச்சு, எப்படிப் போச்சு, கஷ்டத்துல என்ன செஞ்சான்னு பாரு. ட்ரிஷோட ஓப்பனிங் பேலன்ஸ் பெரிய மைனஸ். அது அவ போட்டது இல்லை, முண்டஸ் போட்டது. அதுக்கப்புறம் உள்ள வரவு எல்லாம் அவளுது.

நம்ம நாட்டுக்கு இது புதுசும் இல்லை. மகாபாரதத்துல இடும்பி யாரு? வாரணாவதத்துல அரக்கு மாளிகைக்குத் தப்பிச்சுக் காட்டுல படுத்திருக்கிற பாண்டவர்களைக் கொன்னு கொண்டுவரச் சொல்லி, அண்ணன் இடும்பன் அனுப்பின அரக்கி. அழகான உருவம் எடுத்துக்கிட்டுத்தான் வர்றா. வந்தவ பீமனைப் பார்த்து மனசு மாறி, அண்ணனோட திட்டத்தைச் சொல்லிடறா. இடும்பனைக் கொன்ன பிறகு பீமன், "அரக்கர்களை நம்ப முடியாது, நீயும் உன் அண்ணன் போன வழிக்கே போ"ன்னு அவ மேலயும் பாயறான். தர்மர்தான் தடுக்கிறார். பிறகு அவ பீமனுக்கு மனைவி, கடோத்கஜனுக்கு அம்மா. அந்தக் கடோத்கஜன்தான் போர்ல, அர்ஜுனனுக்காகக் கர்ணன் வச்சிருந்த சக்தி ஆயுதத்தைத் தன் உடம்புல வாங்கிச் செத்தான்.

சில வருஷம் முன்னாடி எல்.எஃப்.சி.யில குடும்பத்தோட மணாலி போயிருந்தோம். தேவதாரு மரக் கூட்டத்துக்கு நடுவுல இடும்பிக்குத் தனிக் கோயில், 1553ல ராஜா பகதூர் சிங் கட்டினது. அங்க ஹிடிம்பா தேவின்னு சொல்றாங்க. குல்லு ராஜ குடும்பத்துக்கு அவ பாட்டி முறை. அவ பல்லக்கு வந்து சேர்ந்தாத்தான் குல்லு தசராவே தொடங்கும். அரக்கிங்கறதை அங்க யாரும் மறைக்கலை, மறக்கவும் இல்லை. அரக்கியாப் பிறந்து என்ன செஞ்சாங்கறதையும் சேர்த்து ஞாபகம் வச்சுக்கிட்டாங்க, அவ்வளவுதான். மலை ஜனங்களுக்குத் தெரிஞ்ச இந்தக் கணக்கு, கையில ரிமோட் வச்சிருக்கிற நமக்குத் தெரியாமப் போகலாமா?

ட்ரிஷைத் தயாரிச்சவங்களுக்கும் ஒரு கோரிக்கை. நாலாவது பாகத்தோட 2015 சிறப்புப் பதிப்புல அவளை வச்சு விளையாட விட்டீங்க, சந்தோஷம். ஆனா சண்டை மட்டும் கொடுத்தீங்க, கதை கொடுக்கலை. அடுத்த பாகம் வந்தா அவ கண்ணு வழியா ஒரு கதை சொல்லுங்க. உருவாக்கினவனை எதிர்த்த அந்த ஒரு ராத்திரியை அவ எப்படி நினைச்சுப் பார்க்கிறா? ஸ்பார்டா ஏன் மனசு மாறினான்னு ஊரெல்லாம் கதை பேசறாங்க, இவ ஏன் மாறினான்னு ஒருத்தரும் உட்கார்ந்து கேட்கலை.

பெற்றோர்களுக்கு ஒரு வார்த்தை. பசங்க ஹால்ல உட்கார்ந்து அரக்கர்களை வெட்டிக்கிட்டு இருக்கறப்ப, "என்னடா இது, பேய் பிசாசு"ன்னு டிவியை அணைச்சுட்டுப் போயிடாதீங்க. பக்கத்துல உட்கார்ந்து யார் நல்லவன், யார் கெட்டவன், ஏன்னு கேளுங்க. அவங்க சொல்ற பதில்ல, நாளைக்கு ஆபீஸ்ல, ஹாஸ்டல்ல, கூட இருக்கிறவங்களை எப்படி எடை போடப் போறாங்கன்னு தெரிஞ்சுடும். ஊரு விட்டு ஊரு வந்து, பேரைச் சொன்னதும் "மதராசி"ன்னு ஒரு பெட்டியில போட்டு மூடறதை அனுபவிச்ச குடும்பங்கள் நாம. நம்ம வீட்டுப் பசங்க இன்னொருத்தரை அப்படிப் பெட்டியில போட்டு மூடாம இருந்தா அதுவே போதும்.

டிஸ்கி: இந்தத் தொடர்ல ரத்தம் ஜாஸ்தி, ஐந்தாவது பாகத்துக்கு அமெரிக்காவுல 17 வயசுக்கு மேல்னு தரச் சான்று. எங்க வீட்டுப் பையன் அந்த வயசைத் தாண்டினவன். சின்னப் பசங்க கையில கொடுத்துட்டு "நீங்கதானே எழுதினீங்க"ன்னு என்கிட்ட சண்டைக்கு வராதீங்க :-)